அஞ்சலாட்சியின் எடைச்சீட்டு

விழுப்புரம் சாலையில் ரெட்டியார்பாளையத்தைக் கடந்து போகிற எந்த லாரியை வேண்டுமானாலும் காட்டுங்கள். உள்ளே இருப்பது செங்கல்லா, கரும்பா, பழைய இரும்பா, மொத்தம் எத்தனை டன் என்று டயரைப் பார்த்தே பலராமன் சொல்லிவிடுவார். எடை மேடையில் இருபத்திரண்டு வருட வேலை. அவர் வாய் சொன்னதற்கும் மேடை சொன்னதற்கும் ஐம்பது கிலோவுக்கு மேல் வித்தியாசம் வந்ததில்லை. ஊரில் எல்லாவற்றின் எடையும் அவருக்கு அத்துப்படி. தன்னுடையது மட்டும் தெரியாது.

கடைசியாகத் தன்னை நிறுத்துப் பார்த்தது எட்டு வருடத்துக்கு முன்னால், காய்ச்சலென்று போன ஓர் ஆஸ்பத்திரியில். தொண்ணூற்றெட்டு. நூறுக்கு இரண்டு குறைவு என்பதில் அவருக்கு அப்படி ஒரு நிம்மதி. அந்த நிம்மதியைக் கெடுத்துக்கொள்ள விரும்பாமல் அதற்குப் பிறகு எந்த எடை மிஷின் மீதும் காலை வைக்கவில்லை. சட்டை இரண்டு அளவு ஏறியது. வண்டியின் ஸ்பிரிங்கை இரண்டு தடவை மாற்றியாயிற்று. எடை மட்டும் தொண்ணூற்றெட்டிலேயே நின்றது.

"எடை போடுறவன எடை போடக் கூடாதும்மா, அது தொழில் தர்மம்" என்பார் மனைவி பாரதியிடம்.

"டாக்டருங்க ஊசி போட்டுக்க மாட்டாங்களா?" என்று அவள் கேட்பாள். அவர் இன்னொரு தோசை கேட்பார்.

லாரிக்காரர்கள் அவரை "டன்னு அண்ணே" என்று கூப்பிடுவார்கள். அவருக்குக் கோபம் வராது. அவர்கள் கிண்டல் பண்ணுவதற்குள் அவரே முந்திக்கொள்வார். "எங்கப்பா மில்லுல நூல் சுத்துனாரு, நூல் மாதிரியே இருந்தாரு. நான் டன் கணக்குல எடை போடுறேன். செய்யிற தொழிலுக்கு ஏத்த ஒடம்பு வேணும் இல்ல?" என்பார். சிரிக்கிறவர்களோடு சேர்ந்து சிரிப்பார். தன்னைத் தானே கிண்டல் செய்துகொள்கிற ஆளை யாரும் எடை கேட்க மாட்டார்கள் என்பது அவர் கண்டுபிடித்த சூட்சுமம்.

ஆனால் வேலை விஷயத்தில் சிரிப்புக்கு இடமில்லை. எடை மேடையில் ஒரு தில்லுமுல்லு உண்டு. பழைய இரும்பு விற்கிறவன் லோடோடு எடை போடும்போது, இரண்டு தடியாட்களை லாரிக்குப் பின்னால் மேடை மேல் ஒளித்து நிறுத்துவான். காலி வண்டியை எடை போடும்போது அந்த இருவரும் டீக்கடைக்குப் போயிருப்பார்கள். ஆட்களின் எடையும் இரும்பாக விலை போய்விடும். பலராமனிடம் இந்த வேலை பலிக்காது. அறையை விட்டு வெளியே வந்து, லாரியைச் சுற்றி ஒரு நடை நடந்து, ஆளைப் பிடித்து இறக்கிவிட்டுத்தான் சீட்டு அடிக்கச் சொல்வார். மேடைக்குப் பக்கத்தில் தன் கையாலேயே பெயிண்டால் எழுதி ஒரு பலகை வைத்திருந்தார்: "எடை போடும்போது யாரும் மேடையில் நிற்கக் கூடாது." அதற்குக் கீழே, இன்னும் பெரிய எழுத்தில்: "யாராக இருந்தாலும்."

இப்படிப்பட்ட இடத்துக்குத்தான் தை மாதத்தில் ஒரு நாள் காலை ஆறரை மணிக்கு அஞ்சலாட்சி வந்தாள்.

அஞ்சலாட்சி ஊருக்குள் இருக்கிற ஒரு சிவன் கோயில் யானை. வயது பதினாலு. ஐந்து வயதில் கோயிலுக்கு வந்தபோது பாகன் மதிவாணனின் தோள் உயரம் இருந்தாள். இப்போது அவன் கையை மேலே தூக்கினால்தான் அவள் காதைத் தொட முடியும். மதிவாணனின் அப்பா கடவுள் இல்லை என்று சொல்லிக் கருப்புச் சட்டை போட்டவர். மகனோ கோயில் யானைக்கு விபூதி பூசிவிட்டுச் சோறு சாப்பிடுகிறவன். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அஞ்சலாட்சியை "எம்பொண்ணு" என்றுதான் சொல்வான். புதிதாக வந்திருந்த கால்நடை டாக்டரம்மா, ஆறு மாதத்துக்கு ஒரு தடவை யானையை எடை போட்டுக் கணக்கு வைக்க வேண்டும் என்று சொல்லியிருந்தார். யானையை எடை போட லாரி மேடையை விட்டால் வேறு வழி ஏது?

வந்தாள், நின்றாள், ஏறவில்லை. தும்பிக்கையால் மேடையின் இரும்புத் தகட்டைத் தட்டினாள். உள்ளே குழி என்பதால் டங்கென்று சத்தம் கேட்டது. ஒரு காலை வைத்தாள். எடுத்துவிட்டாள். வெல்லம் காட்டினார்கள், வாழைப்பழம் காட்டினார்கள். வாங்கிச் சாப்பிட்டுவிட்டு நின்ற இடத்திலேயே நின்றாள்.

"தாங்குமான்னு பாக்குறாண்ணே," என்றான் மதிவாணன். "நான் ஏறி நின்னா நம்ப மாட்டா, எனக்கு எடையே கெடையாது. யாராவது நல்ல கனமான ஆளு மின்னாடி ஏறி நின்னாங்கன்னா பின்னாடியே வந்துருவா."

சொல்லிவிட்டு அவன் பலராமனைப் பார்த்தான். டீக்கடைக்காரர் பார்த்தார். வரிசையில் நின்ற மூன்று லாரிகளின் டிரைவர்களும் பார்த்தார்கள். அறைக்குள் கம்ப்யூட்டரில் சீட்டு அடிக்கிற வேலையில் இருந்த சுடர்விழி ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தாள். கடைசியாக அஞ்சலாட்சியும் பார்த்தாள்.

"இன்னா எல்லாரும் என்னையே பாக்குறீங்க?" என்று கேட்டுவிட்டு, பலராமன் மேடையில் ஏறினார். நடுவில் போய் நின்று, யானைக்குப் புரியட்டும் என்று இரண்டு தடவை குதித்தும் காட்டினார். தகடு அதிர்ந்தது, உடையவில்லை. அஞ்சலாட்சி யோசித்தாள். பிறகு ஒரு கால், இன்னொரு கால் என்று நிதானமாக ஏறி, அவருக்குப் பக்கத்தில் வந்து நின்று, தும்பிக்கையை அவர் தோளில் போட்டாள்.

நாற்பத்தேழு வருட வாழ்க்கையில் பலராமனுடைய எடையைப் பார்த்துச் சிரித்தவர்கள் உண்டு, பரிதாபப்பட்டவர்கள் உண்டு, பஸ்ஸில் பக்கத்து சீட்டை விட்டு எழுந்து போனவர்கள் உண்டு. அதை நம்பி ஓர் உயிர் காலை எடுத்து வைத்தது அன்றைக்குத்தான்.

டீக்கடைக்காரர் செல்போனை எடுத்தார். பலராமன் தும்பிக்கையைக் கட்டிக்கொண்டு சிரித்தார். சுடர்விழி மைக்கில் ஏதோ சொன்னாள். லாரிக்காரன் ஹாரன் அடித்தான். "இரும்மா, போட்டோ எடுக்குறாங்க, நீ போட்டுடு" என்று பலராமன் கத்தினார். சீட்டு வந்தது: இரண்டாயிரத்து நானூற்றுப் பத்து கிலோ.

அந்தப் போட்டோவைப் பெரிதாக்கிச் சட்டம் போட்டு அறைக்குள் மாட்டினார். அடுத்த ஆறு மாதம் சீட்டு வாங்க வந்த டிரைவர் எவனும் அந்தக் கதையைக் கேட்காமல் தப்பிக்க முடியவில்லை. டாக்டரம்மாவிடம் கேட்டுத் தெரிந்துகொண்ட யானை சாஸ்திரத்தையும் சேர்த்து அள்ளிவிடுவார். "யானைக்குட்டி பொறக்கச்சொல்லவே நூறு கிலோ இருக்குமாம்ப்பா. நான் அந்த எடைக்கு வர நாப்பது வருஷம் ஆயிருக்கு. அதுவும் இன்னும் ரெண்டு கிலோ பாக்கி." பெண் யானை இருபது, இருபத்தைந்து வயது வரை உயரும், எடை அதற்குப் பிறகும் கூடும், அஞ்சலாட்சி வயதில் வருடத்துக்கு எண்பது கிலோ, நூறு கிலோ ஏறுவது நல்ல வளர்ச்சி. "நானும் வளர்ற புள்ளதான், டாக்டருங்கதான் ஒத்துக்க மாட்டேங்கிறாங்க" என்று முடிப்பார்.

ஆடி மாதம் அஞ்சலாட்சி மறுபடி எடைக்கு வந்தாள். அன்றைக்குப் பலராமன் இல்லை. கருவடிக்குப்பத்தில் மைத்துனி வீட்டுக் காதுகுத்து. சுடர்விழிதான் எடை போட்டாள். யானைக்கு மேடை பழகியிருந்தது. எதிர்ப்பக்கம் கரும்பைப் போட்டதும் தானாக ஏறி நின்றாள். சுடர்விழி பலகையில் எழுதியிருந்தபடி எல்லோரையும் தூரப் போகச் சொல்லிவிட்டு ஒழுங்காகச் சீட்டு அடித்தாள். இரண்டாயிரத்து முந்நூற்று முப்பது.

நாற்பது கிலோ ஏறியிருக்க வேண்டிய யானை எண்பது கிலோ இறங்கியிருந்தது.

கோயில் தலைவர் பிரெஞ்சு அரசாங்கத்திடம் பென்ஷன் வாங்குகிறவர். ஊரில் அவரை இன்னும் பிரெஞ்சு மரியாதையோடு முசியே, அதாவது ஐயா, என்றுதான் கூப்பிடுவார்கள். முத்திரை குத்தாத எதையும் நம்ப மாட்டார். முத்திரை குத்திவிட்டால் எதையும் நம்புவார். வளர்கிற யானை எப்படி இளைக்கும்? தீனி எங்கே போகிறது? அரிசியும் பயறும் வெல்லமும் யார் வீட்டுக்குப் போகின்றன? விரல் மதிவாணனை நோக்கித்தான் நீண்டது. ஆடி முடிவதற்குள் அவனை நிறுத்திவிட்டு வேறு பாகனைப் போடுவதென்று முடிவாயிற்று. அதற்கு முன்னால் முறைப்படி எடை மேடைக்கு ஒரு போன் போட்டார். "இரண்டு எடையும் சரிதானே?"

"ஐயா, மனுஷன் பொய் சொல்லுவான். என் மேடை பொய் சொல்லாது," என்றார் பலராமன். சொன்னதோடு நிற்காமல், கேட்பதற்கு முன்பே அதை எழுதி, கையெழுத்துப் போட்டு, முத்திரை குத்தி அனுப்பியும் வைத்தார். யானை வாய்க் கரும்பு மாதிரி, முசியே கைக்குப் போன காகிதம் திரும்பி வராது.

இரண்டு நாள் கழித்து மதிவாணன் அறைக்கு வந்தான். கையில் ஒரு கயிறு. முகம் வீங்கியிருந்தது.

"அண்ணே, இத கொஞ்சம் பாருண்ணே. யானையோட மின்னங்கால் பாதத்த சுத்தி அளந்து ரெண்டால பெருக்குனா தோள் ஒயரம் வரும். வருஷத்துல ரெண்டு வாட்டி அளந்து இதுல முடிச்சு போட்டுனு வரேன். இது தை முடிச்சு. இது நேத்து போட்டது." இரண்டு முடிச்சுக்கும் நடுவில் அரை அங்குல இடைவெளி இருந்தது. "அப்பன்னா ஒயரத்துல ஒரு அங்குலம் ஏறியிருக்கா. பட்டினி கெடக்குற புள்ள ஒயருமாண்ணே? அவ தீனிய நான் திம்பனாண்ணே?"

பலராமனுக்குப் பாவமாகத்தான் இருந்தது. ஆனால் தொழில் கர்வம் என்று ஒன்று இருக்கிறதே, அது பாவம் பார்க்காது. "தம்பி, கயிறு வேற, கம்ப்யூட்டர் வேற. நீ சொல்றத நான் நம்புறேன். ஆனா எடைன்னு ஒண்ணு இருக்கு இல்ல?" என்று ஆரம்பித்து, சுவரில் இருந்த போட்டோவைக் கழற்றி அவன் முன்னால் வைத்தார். "பாரு. யானைக்கு பின்னாடி பலகையில செவப்பு எழுத்துல இன்னா நம்பர் எரியுது? ரெண்டாயிரத்து நானூத்தி பத்து. போட்டோ பொய் சொல்லுமா?"

மதிவாணன் நம்பரைப் பார்க்கவில்லை. வெகுநேரம் யானையின் பாதத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். "எவ்ளோ பயந்துனு கால வெச்சிருக்கா பாரு," என்றான். கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து போய்விட்டான். கயிற்றை மேஜை மேலேயே விட்டுவிட்டான்.

பலராமன் போட்டோவை மறுபடி மாட்டப் போனார். ஆணியில் மாட்டும்போதுதான் அது கண்ணில் பட்டது. ஆறு மாதமாகத் தினமும் பார்த்த படம். யானைக்குப் பின்னால் நம்பர் பலகை. நம்பர் பலகைக்குப் பக்கத்தில் "யாரும் மேடையில் நிற்கக் கூடாது." இரண்டுக்கும் முன்னால், மேடைக்கு நட்ட நடுவில், தும்பிக்கையைக் கட்டிப் பிடித்தபடி, வாயெல்லாம் பல்லாக, யாராக இருந்தாலும் என்ற எழுத்தை வயிற்றால் பாதி மறைத்துக்கொண்டு, அவர்.

உட்கார்ந்துவிட்டார். ஊரில் உள்ள அத்தனை தடியன்களையும் லாரிக்குப் பின்னாலிருந்து இழுத்து இறக்கிய மனுஷன், தன்னை இறக்க மறந்துபோனார். தன் முதுகு தனக்குத் தெரியாது என்பார்கள். அவருக்கோ வயிறே தெரியாமல் போயிருந்தது. யானைக்கும் அடி சறுக்கும் என்ற பழமொழியை நினைத்துப் பார்த்தார். யானை சறுக்கவில்லை. அது சரியாகத்தான் நின்றது.

உடனே எழுந்து மதிவாணன் பின்னால் ஓடினாரா என்று கேட்டால், இல்லை. ஓடுகிற உடம்பா அது? அது ஒரு சாக்கு என்று அவருக்கே தெரியும். இருபத்திரண்டு வருடம் தப்பாத கை என்ற பெயர் போய்விடுமே என்று பயந்தார். அதைவிட, சரி, நீ எவ்வளவு என்று யாராவது கேட்டுவிடுவார்களே என்று பயந்தார். சுவரில் தொங்கிய மாதக் காலண்டரை எடுத்துப் போட்டோவின் மேல் மாட்டினார். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தாயிற்று. அன்றைக்கு, அந்தக் காய்ச்சலுக்குப் பிறகு முதல் தடவையாக, டிபன் பாக்ஸ் நிறைந்தபடியே முதலியார்பேட்டை வீட்டுக்குத் திரும்பிப் போனது. பாரதி பயந்துபோய் நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள்.

மறுநாள் காலை சுடர்விழி வந்ததும் வராததுமாக, "இன்னா சார், காலண்டர் எடம் மாறியிருக்கு?" என்று கேட்டு, அதைத் தூக்கிப் பார்த்தாள். அடியில் பலராமன் சிரித்துக்கொண்டிருந்தார். எதிரில் இருந்த பலராமன் சிரிக்கவில்லை.

"ஓ," என்றாள். "இப்பதான் தெரிஞ்சுதா?"

"உனக்கு முன்னாடியே தெரியுமா?"

"அன்னிக்கே மைக்ல ரெண்டு வாட்டி எறங்குங்க சார்னு சொன்னேன். போட்டோ எடுக்குறாங்க, நீ போட்டுடுன்னீங்க. நீங்க எறங்குனதும் தனியா ஒரு வாட்டி போட்டு கழிச்சுட்டீங்கன்னு நெனச்சேன். நீங்கதான் தப்பே பண்ண மாட்டீங்களே." அவள் குரலில் கேலி இருந்தது, கோபமும் இருந்தது. "அந்த பாகன் ஆளு ஊர விட்டு போவப் போறாரு சார். போய் சொல்லுங்க. உங்க எடைய கழிச்சுட்டா கணக்கு சரியா பூடும். எவ்ளோ இருக்கீங்க?"

"தொண்ணூத்தெட்டு."

சுடர்விழி காகிதத்தில் கழித்துப் பார்த்தாள். "தொண்ணூத்தெட்டுன்னா அவ ஆறு மாசத்துல பதினெட்டு கிலோதான் ஏறியிருக்கா. முப்பது, நாப்பதாவது ஏறணும்னு அந்த டாக்டரம்மா எங்கிட்டயே சொன்னாங்க. பதினெட்டுன்னாலும் பாகன் தீனிய திருடுனான்னுதான் சொல்லுவாங்க. ஒங்க தொண்ணூத்தெட்டு அவர காப்பாத்தாது சார்." அவரை மேலிருந்து கீழ்வரை பார்த்தாள். "நெஜமா சொல்லுங்க."

அவர் மேஜை மேல் கிடந்த கயிற்றை எடுத்து அந்த அரை அங்குலத்தை விரலால் தடவிக்கொண்டிருந்தார். அப்புறம் வண்டிச் சாவியை எடுத்தார்.

கோயில் அலுவலகத்தில் முசியே இருந்தார், டாக்டரம்மா இருந்தார். வெளியே யானைக் கொட்டாயில் மதிவாணன் தன் துணிகளை ஒரு பையில் போட்டுக்கொண்டிருந்தான். அஞ்சலாட்சி அந்தப் பையைத் தும்பிக்கையால் இழுப்பதும் அவன் வாங்கி வைப்பதுமாக இருந்தது. அதைப் பார்த்துவிட்டு உள்ளே நுழைந்த பலராமன் உட்காரவில்லை.

"ஐயா, தை மாச எடை தப்பு. யானையோட நானும் மேடையில நின்னுட்டேன்."

முசியே இழுப்பறையைத் திறந்து காகிதத்தை எடுத்து மேஜையில் வைத்தார். "எழுதிக் குடுத்தீரே. முத்திரை வேற."

"முத்திரை வெச்சவனும் நான்தாங்க. மேடையில நின்னவனும் நான்தாங்க. மேடை பொய் சொல்லலைங்க. ரெண்டு பேரு நின்னோம், ரெண்டு பேரு எடையத்தான் சொல்லிச்சு."

"அப்போ உம்ம எடையக் கழிச்சா முடிஞ்சுது. எவ்வளவு நீர்?"

நாக்கு நுனி வரைக்கும் தொண்ணூற்றெட்டு வந்தது. கதவுக்கு வெளியே பையின் ஜிப்பை இழுக்கிற சத்தம் கேட்டது.

"தெரியாதுங்க," என்றார் பலராமன். இருபத்திரண்டு வருடத்தில் ஓர் எடையைப் பற்றி அவர் அப்படிச் சொன்னது அன்றைக்குத்தான்.

டாக்டரம்மாவுக்கு ஒரு சந்தேகம். "தையிலிருந்து இப்ப வரைக்கும் உங்க எடை மாறியிருந்தா?"

பலராமன் சட்டையைத் தூக்கி பெல்ட்டைக் காட்டினார். "போட்டோவுல இருக்குற அதே பெல்ட்டு, அதே கடைசி ஓட்டைங்க. அதுக்கு மேல ஓட்டையும் இல்ல, அது உள்ள போறதும் இல்ல."

டாக்டரம்மா சிரிப்பை அடக்கிக்கொண்டு, முதலில் யானையைத் தனியாகவும் பிறகு அவரோடு சேர்த்தும் நிறுத்துப் பார்த்துவிடலாம், நாளைக் காலையில் எல்லோரும் மேடைக்கு வரலாம் என்றார்.

மறுநாள் காலை மேடையைச் சுற்றிச் சின்னத் திருவிழாவே கூடிவிட்டது. செய்தி சொன்னது டீக்கடைக்காரர்தான், சந்தேகமில்லை. டன்னு அண்ணன் எடை போடப் போகிறார் என்று லாரிக்காரர்கள் வண்டியை ஓரம் கட்டிவிட்டு நின்றார்கள். பாரதியும் வந்திருந்தாள். காலையில் அவள் வைத்த நாலு இட்லியைப் பலராமன் தொடவில்லை; பிறகு யோசித்து, தை மாதத்திலும் வழக்கமான இட்லி சாப்பிட்டுத்தானே வந்தோம், நாணயம் என்றால் நாணயம்தான் என்று நாலையும் சாப்பிட்டார். கூட இரண்டு சாப்பிடலாமா என்றும் தோன்றியது. எடை கூடினால் மதிவாணனுக்கு நல்லதுதானே? அது இரும்பு வியாபாரிகளின் வேலை என்று கையைக் கழுவிக்கொண்டார்.

அஞ்சலாட்சி வந்தாள். மதிவாணன் பலராமனை நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. கரும்பு போட்டதும் யானை ஏறி நின்றது. எல்லோரும் தள்ளி நின்றார்கள். ஒலிபெருக்கியில் சுடர்விழியின் குரல் கேட்டது: "ரெண்டாயிரத்து முந்நூத்தி முப்பது. சார், நீங்க ஏறுங்க."

பலராமன் செருப்பைக் கழற்றினார். பிறகு, போட்டோவில் செருப்பு இருந்தது நினைவுக்கு வந்து, மறுபடி மாட்டிக்கொண்டார். சட்டைப் பையில் இருந்த சாவிக் கொத்தும் அன்றைக்கு இருந்தது, இருக்கட்டும். ஏறினார். அஞ்சலாட்சி கரும்பை விட்டுவிட்டு அவர் பக்கம் திரும்பித் தும்பிக்கையைத் தோளில் போட்டாள்.

வாழ்க்கையில் எத்தனையோ தடவை உடம்பு குறைய வேண்டுமென்று சாமியை வேண்டிக்கொண்டவர்தான். அன்றைக்கு, விபூதி மணக்கும் தும்பிக்கைக்கு அடியில் நின்றுகொண்டு, ஆண்டவா, நான் கனமாக இருக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டார். நூறிலே நின்றுவிடாதே. குறைந்தது நூற்றுப்பத்து காட்டு. கண்ணை மூடிக்கொண்டார்.

"ரெண்டாயிரத்து நானூத்தி அம்பது!" என்றாள் சுடர்விழி. "நிக்குது சார். நம்பர் நின்னுடுச்சு. நூத்தி இருவது!"

டாக்டரம்மா கணக்குப் போட்டார். இரண்டாயிரத்து நானூற்றுப் பத்தில் நூற்று இருபது போக, தை மாதம் அஞ்சலாட்சி இரண்டாயிரத்து இருநூற்றுத் தொண்ணூறு. இப்போது இரண்டாயிரத்து முந்நூற்று முப்பது. ஆறு மாதத்தில் நாற்பது கிலோ. "இந்த வயசுக்கு இதுதான் சரியான வளர்ச்சி. பாகன் நல்லாத்தான் பாத்துக்கிறாரு," என்றார் முசியேவிடம். முசியே தன் பையிலிருந்து அந்த முத்திரைக் காகிதத்தை எடுத்து நாலாகக் கிழித்தார். அதற்கு அவர் கொஞ்சம் சிரமப்பட்டது தெரிந்தது.

லாரிக்காரர்கள் கை தட்டினார்கள். "தொண்ணூத்தெட்டா? தொண்ணூத்தெட்டா?" என்று பாரதி கூட்டத்துக்கு நடுவிலிருந்து கேட்டுக்கொண்டே இருந்தாள். பலராமன் அவளைப் பார்த்து, எல்லோருக்கும் கேட்கும்படி, "பிறந்த யானைக்குட்டிய தாண்டிட்டேன்மா" என்றார். வழக்கம்போல எல்லோரும் சிரித்தார்கள். ஆனால் இந்தத் தடவை சிரிப்புக்குப் பின்னால் ஒளிக்க அவரிடம் எதுவும் மிச்சமில்லை. விசித்திரமாக, உடம்பே லேசானது போல இருந்தது. நூற்று இருபது கிலோவோடு அப்படி லேசாக இருக்க முடியும் என்று அவருக்கு அதுவரை தெரியாது.

"சார், சீட்டு அடிக்கணும்," என்றது ஒலிபெருக்கி. "சரக்குன்ற எடத்துல இன்னா போடட்டும்?"

"எம்பேரப் போடும்மா," என்றார்.

சீட்டு வந்தது. சரக்கு, பலராமன். நிகர எடை, நூற்று இருபது கிலோ. போட்டோ சட்டத்துக்குள் அதையும் செருகி வைக்க வேண்டுமென்று நினைத்துக்கொண்டார். காலண்டர் பழைய ஆணிக்கே போகட்டும்.

மதிவாணன் மேடையின் ஓரத்துக்கு வந்து நின்றான். பலராமன் பையிலிருந்து கயிற்றை எடுத்து நீட்டினார். அவன் வாங்கி இடுப்பில் சுற்றிக்கொண்டான். பக்கத்தில் இருந்த பலகையைப் பார்த்தான். கீழே பெரிய எழுத்தில் இருந்ததையும் நிதானமாகப் படித்தான். பிறகு அவரைப் பார்த்தான்.

"மேடைய விட்டு எறங்குண்ணே," என்றான். "நீ எறங்குனாத்தான் எம்பொண்ணு எறங்குவா."

பலராமன் இறங்கினார். அவர் பின்னாலேயே அவளும் இறங்கினாள்.